சன்சிபார் இளவரசி: கலைக்களஞ்சியம் சொன்னதும் சொல்லாமல் விட்டதும்



இந்த மலருக்குப் பெரியவர் ஒருவரின் வாழ்க்கை வரலாறு எழுதித் தரும்படி சங்கத்தில் கேட்டார்கள். காந்தியடிகள், அன்னை திரேசா, ஆபிரகாம் லிங்கன் எண்டு வழக்கமாக எழுதுகிற ஆக்களை விட்டுவிட்டு, நான் வளைகுடாப் பக்கத்துப் பெண் ஒருவரைப் பற்றி எழுதுகிறேன். ஓமானிலும் சன்சிபாரிலும் இவவைத் தெரியாத ஆக்கள் குறைவு. ஜேர்மன்காரருக்கும் தெரியும். எங்கட ஆக்களுக்குத்தான் அவ்வளவாகத் தெரியாது.

அவருடைய பெயர் சையிதா சல்மா. 18 ஆம் நூற்றாண்டிலிருந்து ஓமானை ஆண்டுவரும் அல் பூசயீத் குடும்பத்தில் பிறந்தவர். பிற்காலத்தில் எமிலி ருயெற்றே என்ற பெயரோடு ஜேர்மனியில் வாழ்ந்து 1924 இல் இறந்தவர்.

எங்கள் நகர நூலகத்தில் இருக்கும் தடித்த கலைக்களஞ்சியம் ஒன்றில் இவருக்கு அரைப் பக்கம் கொடுத்திருக்கினம். அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு மூன்று தரம் வாசித்தேன். பிறகு அவரே எழுதிய நினைவுக் குறிப்பு நூலை எடுத்து வாசித்தேன். இரண்டிலும் இருக்கிறது ஒரே ஆள்தானோ எண்டு எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது. ஆகவே இந்தக் கட்டுரை ஒரு வாழ்க்கை வரலாறு. அந்த அரைப் பக்கத்துக்கு ஒரு விமர்சனமும் கூட.

நான் ஏ.எல் வரைக்கும் படித்தவள். இப்போது பிஸ்கற் பக்கற் அடைக்கிற தொழிற்சாலையில் வேலை. கலைக்களஞ்சியம் எழுதுகிற பேராசிரியர்களைக் குறை சொல்ல உனக்கென்ன தகுதி எண்டு கேட்பீர்கள். இங்கே வர முதல் நாலு வருசம் சார்ஜாவில் வேலை செய்தவள் நான். என்ர சித்தி மஸ்கட்டில் பன்னிரண்டு வருசம் வீட்டு வேலை செய்தவ. பிறந்த ஊருக்குத் திரும்பிப் போக ஏலாமல் இருக்கிறது எப்படி எண்டும் எனக்குத் தெரியும். அந்தத் தகுதி போதும் எண்டு நினைக்கிறேன்.

பெரிய வீட்டுப் பிள்ளை

சல்மா 1844 ஆம் ஆண்டு ஆகஸ்ட் 30 ஆம் திகதி சன்சிபார் தீவில், கடற்கரையோரத்து ம்தோனி மாளிகையில் பிறந்தார். தகப்பன் சயீத் பின் சுல்தான். 1806 இலிருந்து ஐம்பது வருசம் ஆண்டவர். மஸ்கட் துறைமுகம், ஈரான் கரையில் பந்தர் அப்பாஸ், இன்று பாகிஸ்தானில் இருக்கிற குவாதர், ஆபிரிக்காவின் கிழக்குக் கரை எல்லாம் அவர் கைக்குள் இருந்தன. சார்ஜாவையும் ராஸ் அல் கைமாவையும் ஆண்ட அல் காசிமி குடும்பம் அவருக்குக் கடலில் எதிரி. 1809 இலும் 1819 இலும் ஆங்கிலேயர் ராஸ் அல் கைமாவைத் தாக்கியபோது அவர் ஆங்கிலேயர் பக்கம் நின்றார். 1840 இல் அவருடைய கப்பல் ஒன்று நியூயோர்க் வரைக்கும் போய் வந்தது.

அதே காலத்தில் அவர் தலைநகரையே மஸ்கட்டிலிருந்து சன்சிபாருக்கு மாற்றினார். அதற்கு முக்கியமான காரணம் கராம்பு. நாங்கள் புத்தாண்டுக்குச் சமைக்கிற இறைச்சிக் கறிக்கு இரண்டு மூன்று போடுகிறோமே, அதே கராம்புதான். சன்சிபார் மண்ணில் அது நன்றாக வந்தது. தோட்டங்கள் பெருகின. தோட்டத்தில் வேலை செய்ய ஆபிரிக்கப் பெருநிலத்திலிருந்து மனிதர்களைப் பிடித்துக்கொண்டு வந்து சந்தையில் விற்றார்கள். அந்தக் குடும்பத்தின் செல்வம் எங்கிருந்து வந்தது எண்டு கேட்டால் இதுதான் பதில். இதைப் பற்றிப் பிறகு சொல்லுகிறேன்.

கலைக்களஞ்சியம் குடும்பப் பெருமையை வடிவாகச் சொல்லுது. தகப்பன் பெயர், பேரன் பெயர், ஆட்சிக்கு வந்த அண்ணன்மாரின் பெயர் எல்லாம் உண்டு. தாயின் பெயர் மட்டும் இல்லை. அடிமைப் பெண் எண்டு ஒரே சொல்லோடு முடிச்சிட்டினம்.

தாயின் பெயர் ஜில்பிதான். கவ்காஸ் மலைப்பக்கத்துச் சேர்க்காசியர் இனம். சிறு வயதில் ஊருக்குள் ஆயுதக்காரர் புகுந்து தாய் தகப்பனைக் கொன்றுவிட, சகோதரங்களைப் பிரித்து ஆளுக்கொரு பக்கமாகக் கொண்டுபோனார்கள். ஏழு எட்டு வயதில் சுல்தானின் வீட்டுக்கு வந்து சேர்ந்தார். அவருக்கு முதல் பாற்பல் விழுந்ததே அந்த மாளிகையில்தான் எண்டு மகள் எழுதிவைத்திருக்கிறார். நோயாளிகளைப் பராமரிப்பதிலும் தையலிலும் கெட்டிக்காரி. 1859 இல் சன்சிபாரில் கொள்ளைநோய் பரவியபோது இறந்துபோனார். இந்தத் தாயை விட்டுவிட்டுச் சல்மாவை எப்படி விளங்கிக்கொள்கிறது? ஊர் எரிந்து, தாய் தகப்பனை இழந்து, தெரியாத பாசை பேசுகிற நாட்டில் வளர்ந்த பிள்ளையின் பிள்ளைதான் இந்த இளவரசி.

ஒட்டக எலும்பில் எழுத்து

அந்தக் காலத்தில் அங்கே பெரிய வீட்டுப் பெண் பிள்ளைகளுக்குக் குர்ஆன் வாசிக்கச் சொல்லிக் கொடுப்பார்கள். எழுதப் பழக்க மாட்டார்கள். எழுதத் தெரிந்த பெண் யாருக்கு என்ன எழுதுவாளோ எண்ட பயம்! சல்மா குர்ஆனைப் பார்த்து, ஒட்டகத்தின் தோள்பட்டை எலும்பில் இரகசியமாக எழுதிப் பழகினார். அந்தத் தோள் எலும்பு அகலமாய் இருக்கும். அங்கே அதுதான் பிள்ளைகளின் சிலேற். அண்ணன் மஜீத்தோடு வசித்த காலத்தில் குதிரை ஓடவும் துவக்குச் சுடவும் பழகினார்.

கலைக்களஞ்சியத்தில் இந்த எலும்புக் கதைக்கு இடம் இல்லை. அவருடைய வாழ்க்கையில் பிறகு நடந்த நல்லதும் கெட்டதும் இந்த எழுத்தால்தான் நடந்தது எண்டு நான் சொல்லுவேன்.

1856 இல் தகப்பன் மஸ்கட்டிலிருந்து திரும்பி வரும்போது கப்பலிலேயே இறந்தார். சல்மாவுக்கு அப்போது பன்னிரண்டு வயது. முதிர்ந்தவள் என்று அறிவித்து, ஒரு தோட்டமும் வீடும் காசும் பங்காகக் கொடுத்தார்கள். அண்ணன்மாருக்குள் பங்குச் சண்டை தொடங்கியது. மூத்தவர் துவைனி ஓமானை எடுத்தார். மஜீத் சன்சிபாரை எடுத்தார். 1861 இல் இந்தியாவில் வைஸ்ராயாக இருந்த கனிங் பிரபு தீர்ப்புச் சொல்லி இரண்டையும் நிரந்தரமாகப் பிரித்தார். சன்சிபார் வருசா வருசம் 40,000 வெள்ளி ஓமானுக்குக் கட்ட வேண்டும் என்று தீர்ப்பு. இந்தப் பிரிவினையைப் பற்றிச் சார்ஜாவின் ஆட்சியாளர் சேக் சுல்தான் பின் முகமது அல் காசிமி ஒரு நூலே எழுதியிருக்கிறார்.

இதற்கிடையில் 1859 இல் இன்னொரு சகோதரன் பர்காஷ் மஜீத்துக்கு எதிராகக் கிளம்பினார். சல்மாவுக்கு மஜீத்திடம் பாசம். ஆனால் உயிருக்குயிரான அக்கா கவ்லா பர்காஷ் பக்கம் நின்றதால் இவரும் அந்தப் பக்கம் போனார். எழுதத் தெரிந்தவர் எண்டபடியால் பதினைந்து வயதிலேயே கலகக்காரரின் செயலாளர் ஆனார். பெரியவர்களுக்குப் போன கடிதங்கள் இவருடைய கையெழுத்தில் போயின. வீட்டை முற்றுகையிட்டபோது பர்காஷைப் பெண்களின் ஆடையில் மறைத்து வெளியே கொண்டுபோனதும் சகோதரிகள்தான். ஆங்கிலேயரின் போர்க்கப்பல் வந்தது, கலகம் அடங்கியது, பர்காஷைப் பம்பாய்க்கு நாடு கடத்தினார்கள். சல்மா தன்ர தோட்டத்துக்கு ஒதுங்கிப் போனார்.

மஜீத் தங்கையை மன்னித்துவிட்டார். மன்னிப்பை ஏற்றுக்கொண்டாள் எண்டு கவ்லாவும் பர்காஷும் பகைத்துக்கொண்டார்கள். குடும்பத்துக்குள் பக்கம் பிரிந்தால் பிறகு எந்தப் பக்கமும் முழுசாய் இருக்க விடாது. இது எங்களுக்குப் புதுக்கதை இல்லை.

புத்தாண்டு இரவு

பிறகு சன்சிபார் நகரத்தில் குடியிருந்தபோது பக்கத்து வீட்டு ஜேர்மன் வியாபாரி ருடோல்ப் ருயெற்றேயோடு பழக்கம் ஏற்பட்டது. மொட்டை மாடிக்கும் மொட்டை மாடிக்கும் இடையில் தொடங்கின பழக்கம். 1866 இல் சல்மா கர்ப்பமானார். திருமணமாகாத, சுல்தான் வீட்டுப் பெண், ஆள் கிறிஸ்தவன். தெரியவந்தால் உயிர் போகும். ஒருதரம் கப்பலேற முயன்று முடியாமல் போனது.

அந்த வருசம் ஆகஸ்ட் மாதம் சுவாஹிலி மக்களின் புத்தாண்டு. அந்த இரவில் பெண்கள் கடலில் நீராடப் போவது வழக்கம். நீராடப் போகிற மாதிரிப் போய், ஹைபிளையர் என்ற ஆங்கிலப் போர்க்கப்பலின் படகில் ஏறி ஏடனுக்குத் தப்பினார். ஒரு புத்தாண்டு மலரில் இந்தப் பெண்ணைப் பற்றி எழுத எனக்கு விருப்பம் வந்ததற்கு இதுவும் ஒரு காரணம்.

ஏடனில் தெரிந்த குடும்பமொன்றோடு தங்கினார். டிசம்பரில் ஆண் குழந்தை பிறந்தது. ருடோல்ப் சன்சிபாரில் கணக்கு வழக்கு முடித்து வர அடுத்த வருசம் மே மாதம் ஆகிவிட்டது. 1867 மே 30 ஆம் திகதி ஞானஸ்நானமும் திருமணமும் ஒரே நாளில் நடந்தன. சல்மா எமிலி ஆனார். ஜேர்மனிக்குப் போகிற வழியில் பிரான்சில் அந்தக் குழந்தை இறந்தது.

கலைக்களஞ்சியத்தின் அரைப் பக்கத்தில் பாதிக்கு மேல் இந்தக் காதல் கதைதான். ஆனால் குழந்தை இறந்தது அதில் இல்லை. வழியில் பிள்ளையைப் பறிகொடுத்தவர்கள் எங்கட சங்கத்திலேயும் இருக்கினம். அவர்களுக்கு இந்த ஒரு வரி எவ்வளவு பெரிய வரி எண்டு தெரியும்.

ஹம்பேர்க்கில் வாழ்க்கை தொடங்கியது. பாசை தெரியாது, குளிர், வேறு உடுப்பு, வேறு சாப்பாடு. 1868 க்கும 1870 க்கும் இடையில் இரண்டு பெண்ணும் ஒரு ஆணுமாக மூன்று பிள்ளைகள். 1870 ஆகஸ்ட் மாதம் கணவர் குதிரை ட்ராம் விபத்தில் அகப்பட்டு இறந்தார். சல்மாவுக்கு இருபத்தாறு வயது முடியவில்லை. கடைசிப் பிள்ளை கைக்குழந்தை. அதே வருசம் சன்சிபாரில் மஜீத்தும் இறந்துவிட, பகைத்துக்கொண்ட பர்காஷ் சுல்தான் ஆனார். ஊரில் இவருக்காகப் பேச இனி ஆள் இல்லை.

சமைக்கவும் வேலைக்காரர் இருந்த வீட்டில் பிறந்தவர், டிரெஸ்டன், ருடோல்ஸ்ராட், பேர்லின் எண்டு வீடு மாறி மாறி, அரபு பாடம் சொல்லிக் கொடுத்துப் பிள்ளைகளை வளர்த்தார். பார்த்தீர்களா? பெட்டைக்கு எழுத்து வேண்டாம் எண்ட வீட்டிலிருந்து வந்தவருக்கு அந்த எழுத்துத்தான் பிறகு சோறு போட்டது.

மனுக்களும் அரசாங்கங்களும்

தகப்பன் வழிச் சொத்திலும் இறந்துபோன சகோதரங்களின் சொத்திலும் தனக்குப் பங்கு வேண்டும் என்று சல்மா கேட்டார். மதம் மாறியவளுக்குப் பங்கு இல்லை என்று சொன்னார் பர்காஷ். 1875 இல் பர்காஷ் லண்டனுக்கு வந்தபோது சல்மாவும் லண்டனுக்குப் போனார். அண்ணனை நேரில் கண்டு பேசினால் மனம் இளகும் எண்ட நம்பிக்கை. சுல்தானோடு தங்களுக்கு வேறு அலுவல்கள் இருந்தபடியால் ஆங்கில அதிகாரிகள் குறுக்கே வந்தார்கள். சந்திப்பைக் கைவிட்டால் பிள்ளைகளின் படிப்புக்கு உதவுவோம் என்று சொன்னார்கள். இவர் விட்டுக்கொடுத்தார். சுல்தான் கப்பலேறிப் போனபின், நீங்கள் ஜேர்மன் பிரசைகள், எங்களுக்குப் பொறுப்பில்லை எண்டு கைவிரித்துவிட்டார்கள்.

அடுத்தது ஜேர்மனியின் முறை. 1885 இல் பிஸ்மார்க்கின் அரசாங்கம் கிழக்கு ஆபிரிக்காவில் நிலம் பிடித்துக்கொண்டிருந்தது. பர்காஷ் அதை எதிர்த்தார். உடனே ஜேர்மன் போர்க்கப்பல்கள் சன்சிபாருக்குப் போயின. கூடவே சல்மாவையும் பிள்ளைகளையும் கொண்டுபோனார்கள். சுல்தானுக்கு எதிராகக் காட்ட ஒரு சுல்தானின் மகள்! பத்தொன்பது வருசத்துக்குப் பிறகு அவர் தன்ர ஊர்த் தெருவில் நடந்தார். சனம் கூடி நின்று வரவேற்றது. மாளிகைக் கதவு திறக்கவில்லை. ஜேர்மனி தனக்கு வேண்டியதைப் பர்காஷிடம் வாங்கியதும் இவருடைய கோரிக்கையை மறந்துவிட்டது. 1888 இல் பர்காஷ் இறந்தபின் ஒரு மகளோடு திரும்பவும் போய்ப் பார்த்தார். புதுச் சுல்தான் கலீபாவும் சகோதரன்தான். அப்போதும் ஒன்றும் நடக்கவில்லை. 1890 இல் ஆங்கிலேயரும் ஜேர்மன்காரரும் தங்களுக்குள் பேசி முடித்து, சன்சிபார் ஆங்கிலேயரின் பாதுகாப்புக்குள் போனது.

கலைக்களஞ்சியம் இந்த இரண்டு பயணத்தையும் சொத்துத் தகராறு எண்டு ஒரு வசனத்தில் முடிக்கிறது. எனக்கு இந்த இடத்தில்தான் கோபம் வந்தது. இரண்டு அரசாங்கங்கள் ஒரு விதவையின் மனுவைத் தங்கட தேவைக்கு எடுத்துப் பாவித்துவிட்டுக் குப்பையில் போட்டதைத் தகராறு எண்டு சொல்லுறதோ? பைலும் கையுமாக அலுவலகங்களுக்கு அலைந்த எங்களுக்கு, எங்களுக்காகக் குரல் கொடுக்கிறோம் எண்டு வருகிறவனுக்கு வேறு கணக்கும் இருக்கலாம் எண்டது தெரியாத விசயமில்லை.

அந்தக் காலத்தில்தான் அவர் தன் நூலை வெளியிட்டார். 1886 இல் பேர்லினில் வந்தது. அரபுப் பெண் ஒருவர் எழுதி அச்சில் வந்த முதல் சுயசரிதை எண்டு பொதுவாகச் சொல்லுகிறார்கள். முதலில் அதை அச்சுக்கு என்று எழுதவில்லை. உடம்பு சரியில்லாத நேரத்தில், தான் செத்துப்போனால் பிள்ளைகளுக்குத் தாயின் ஊரைப் பற்றி ஒன்றும் தெரியாமல் போய்விடுமே எண்ட பயத்தில் எழுதத் தொடங்கினார். மாளிகையின் குளிக்கும் இடம், பெருநாள் உடுப்பு, நோன்பு, சாப்பாடு, கலியாணம், செத்தவீடு எல்லாம் அதில் இருக்கு. அரபுப் பெண்கள் எல்லாரும் அடைபட்டுக் கிடக்கிற ஊமைகள் எண்டு ஐரோப்பியர் சொன்ன கதைக்கு அவர் அதில் முகத்துக்கு நேரே பதில் சொல்லுகிறார்.

எங்களுக்கும் உறுத்துகிற பக்கம்

நல்லதை மட்டும் சொல்லிவிட்டுப் போனால் நானும் அந்தக் கலைக்களஞ்சியம் செய்ததைத்தான் செய்வேன். சல்மா அடிமை முறையை எதிர்க்கவில்லை. அரபு வீடுகளில் அடிமைகளை நன்றாகத்தான் நடத்தினார்கள், ஐரோப்பியருக்கு அது விளங்காது என்று வாதாடினார். ஆபிரிக்க மக்களைப் பற்றி இழிவாகவும் எழுதினார். சன்சிபாரின் அடிமைச் சந்தை 1873 இல் மூடப்பட்டது. அதற்குப் பதின்மூன்று வருசம் கழித்தும் அவர் மனம் மாறவில்லை. தன் தாயின் பாற்பல்லை நினைவில் வைத்திருந்தவருக்கு, தோட்டத்தில் கராம்பு ஆய்ந்தவளுக்கும் ஒரு தாய் இருந்திருப்பாள் எண்டது ஏன் தெரியாமல் போனது? நான் பல நாள் யோசித்தும் எனக்கு விடை வரவில்லை.

2019 இல் ஹம்பேர்க்கில் ஒரு சதுக்கத்துக்கு எமிலி ருயெற்றேயின் பெயரை வைத்தார்கள். இந்த எழுத்துக்களைச் சுட்டிக்காட்டி எதிர்ப்பு வந்ததும் அடுத்த வருசமே அந்தப் பெயரை எடுக்க முடிவு செய்தார்கள். நூலகத்துக் கலைக்களஞ்சியத்தில் பெயர் வைத்ததும் இல்லை, எடுத்ததும் இல்லை.

அடிமை முறை கட்டாரில் 1952 இலும், இன்றைய அமீரகப் பகுதியில் 1963 இலும், ஓமானில் 1970 இலும் சட்டப்படி ஒழிந்தது. நான் வேலை செய்த இடத்தில் எங்கட பாஸ்போட்டுகளை முதலாளி லாச்சியில் வைத்துப் பூட்டினவர். சித்தியின் பாஸ்போட்டும் பன்னிரண்டு வருசமும் வீட்டுக்காரியின் அலுமாரியில்தான் இருந்தது. அதுவும் இதுவும் ஒண்டு எண்டு நான் சொல்லவரவில்லை. எங்களுக்குச் சம்பளம் வந்தது, ஊருக்குத் திரும்பினோம். ஆனால் பெரிய வீட்டுக்காரர் எங்கட ஆக்களை நன்றாகத்தான் வைத்திருந்தோம் எண்டு சொல்லும்போது, வேலை செய்தவளிடமும் ஒருக்கால் கேட்டுப் பார்க்க வேணும். சித்திக்குக் கடிதம் எழுத வராது. கசற்றில் கதைத்துத்தான் அனுப்புவா. அந்தக் கசற்றுகள் சண்டைக்குள் வீட்டோடு போய்விட்டன.

கடைசிக் காலம்

1888 க்குப் பிறகு சல்மா ஜேர்மனியில் இருக்க விரும்பவில்லை. முதலில் யாப்பாவிலும், 1892 முதல் 1914 வரை பெய்ரூத்திலும் வாழ்ந்தார். ஊருக்குப் போக ஏலாதவர், ஊர்ப் பாசை கேட்கிற இடமாவது வேணும் எண்டு போயிருப்பார் போல. 1914 இல் ஜேர்மனிக்குத் திரும்பி, கடைசியில் மகளோடு இருந்தார். 1924 பெப்ரவரி 29 ஆம் திகதி யேனா நகரில் நிமோனியாக் காய்ச்சலில் இறந்தார். வயது 79. சாம்பலை ஹம்பேர்க்கின் ஓல்ஸ்டோர்ப் மயானத்தில் கணவரின் குடும்பக் கல்லறையில் வைத்தார்கள். அவருடைய பொருட்களுக்குள் சன்சிபார்க் கடற்கரை மணல் கொஞ்சம் ஒரு சிறு பையில் கட்டியபடி இருந்தது. அதையும் சாம்பலோடு சேர்த்து வைத்தார்கள்.

மகன் ருடோல்ப் சயீத் 1929 இல் தன் பாட்டன் சுல்தான் சயீத்தின் வரலாற்றை எழுதி வெளியிட்டார். தாய் பிள்ளைகளுக்காக எழுதினது வீண் போகவில்லை. சன்சிபாரின் அரண்மனை அருங்காட்சியகத்தில் சல்மாவுக்கென்று ஓர் அறையே ஒதுக்கினார்கள்.

என்னைக் கேட்டால் அந்த அரைப் பக்கத்தோடு நாலு வரி கூட்டச் சொல்லுவேன். தாயின் பெயர் ஜில்பிதான் எண்டு ஒரு வரி. ஒட்டக எலும்பில் எழுதப் பழகினார் எண்டு ஒரு வரி. இரண்டு அரசாங்கங்கள் இவரை வைத்து விளையாடின எண்டு ஒரு வரி. கராம்புத் தோட்டத்தில் வேலை செய்த அடிமைகளின் உழைப்பில் வளர்ந்தார், அதைக் கடைசி வரை சரி எண்டே எழுதினார் எண்டு ஒரு வரி. காதல் கதையில் நாலு வரியைக் குறைத்தால் இடம் தாராளமாக இருக்கும்.

எங்களைப் பற்றி ஒரு கலைக்களஞ்சியமும் அரைப் பக்கம் எழுதப் போவதில்லை. பரவாயில்லை. ஆனால் குவைத்துக்கும் மஸ்கட்டுக்கும் துபாய்க்கும் போய் உழைத்துக் குடும்பத்தைத் தூக்கி நிறுத்திய தாய்மார், சித்திமார், மாமிமார் எங்கட ஒவ்வொரு வீட்டிலும் இருக்கினம். அடுத்த வருச மலரில் அவர்களுக்குச் சில பக்கங்கள் ஒதுக்கும்படி மலர்க்குழுவைக் கேட்டிருக்கிறேன். எழுத வராதவர்கள் சொல்லட்டும், நாங்கள் எழுதுவோம். பெயர், ஊர், போன வருசம், வந்த வருசம் எல்லாவற்றையும் மறக்காமல் குறித்துக்கொண்டு வாருங்கோ. ஞாயிற்றுக்கிழமை பின்னேரங்களில் நான் சங்கக் கட்டடத்தில் இருப்பேன்.